பால் குடுவை

தேநீரில் பாலை முதலில் ஊற்றுபவர்கள் மேல் எனக்கு எந்தக் கோபமும் கிடையாது, டுகன் சார். என் அம்மாவே அப்படித்தான் ஊற்றுவாள். ஆனால் எங்கள் இங்கிலாந்தில் கனவான்கள் தேநீரை ஊற்றிய பிறகுதான் பாலைத் தொடுவார்கள். பிரபு ஒருவரின் தங்கை மகன் என்று ஹாலிவுட் முழுக்கச் சொல்லித் திரிந்த செட்ரிக் வாலிங்டன், கதவைச் சாத்திக்கொண்டு பாலை முதலில் ஊற்றுவான். அது எனக்கு மட்டும்தான் தெரியும். அதற்காக நான் அவனைக் கொல்லவில்லை.

எங்கள் ஊர் நடிகர்களுக்கு இங்கே இரண்டே பிழைப்பு: விறைப்பான ராணுவ அதிகாரி, இல்லாவிட்டால் பணக்கார வீட்டுப் பட்லர். எனக்குத் தோள் சரிவு, பட்லரானேன். "வண்டி வந்துவிட்டது, ஐயா" என்ற வசனத்தை நான் சொல்லாத ஸ்டூடியோ இல்லை. ஞாயிற்றுக்கிழமை கிரிக்கெட்டில்கூட என்னைப் பந்து பொறுக்கத்தான் நிறுத்துவார்கள். "ஹியூபர்ட், வண்டி வந்தாச்சாப்பா?" என்று செட்ரிக் கத்துவான். எல்லாரும் சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன்.

அப்புறம் அந்தப் படம் வந்தது. பட்லர்தான் கொலைகாரன். கடைசிக் காட்சியில் ஒரு பக்கம் முழுக்க அவனுக்கு வசனம். அந்தப் பக்கத்தைப் படித்துவிட்டு நான் அழுதேன். அதை செட்ரிக்குக் கொடுத்தார்கள். எனக்கு இரண்டாவது பட்லர் வேஷம்.

"மனசுல வச்சுக்காதே, ஹியூபர்ட். உன் மூஞ்சியப் பாத்தா எறும்புகூடப் பயப்படாதுப்பா," என்று தோளைத் தட்டினான்.

நான் மனசில் வைத்துக்கொள்ளவில்லை. பாலில் வைத்தேன். எலிக்கு வாங்கிய மருந்து.

நாலு மணித் தேநீரை பட்லர் வேஷத்தோடு நானே அவன் அறைக்கு எடுத்துப் போனேன். படப்பிடிப்பில் மற்றவர்கள் எல்லாரும் பால் விடாத காபி. பாலைத் தொடுவது நாங்கள் இருவர்தான். அன்று நான் எலுமிச்சை பிழிந்துகொண்டேன். கம்பளம் கறையாகாமல் அவன் கையிலிருந்து கோப்பையை வாங்கிக்கொண்டேன். எல்லாம் அடங்கிய பிறகு அவன் டையை நேராக்கினேன். கோப்பையைக் கழுவி, வெறும் தேநீர் ஊற்றி வைத்து, பால் குடுவையோடு வெளியே வந்தேன். பழக்கப்பட்ட வேலைதானே.

பிறகு போலீஸ் என்று நீங்கள் வந்தீர்கள்.

"உள்ளே யாராவது போனாங்களா?" என்று உடைகள் பார்க்கும் வெல்மாவைக் கேட்டீர்கள்.

"ஒருத்தரும் போகலையே சார். பட்லர்தான் டீ கொண்டுபோனாரு."

தலையாட்டிவிட்டுத் தேநீரைச் சோதித்தீர்கள், சர்க்கரையைச் சோதித்தீர்கள். பாலைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. தேநீரில் பாலே விடாத அமெரிக்கருக்கு அது எங்கே தோன்றப்போகிறது? டாக்டர் மாரடைப்பு என்று எழுதினார். என் கையில் தொப்பியைக் கொடுத்து, "ஒரு காபி கிடைக்குமா?" என்றீர்கள். கொண்டுவந்தேன்.

வேஷம் எனக்கே வந்தது. அந்த ஒரு பக்கத்தைக் கண்ணாடி முன் நின்று மனப்பாடம் செய்தேன். நேற்றுத் தயாரிப்பாளர் கிளைன் கூப்பிட்டார்.

"கதைய மாத்திட்டோம்யா. கொலை பண்ணது தோட்டக்காரன். பட்லர் கொலை பண்ணுவான்னா எவன்யா நம்புவான்? கவலப்படாதே, உனக்கு ஒரு வசனம் வச்சிருக்கேன்."

என்ன வசனம் என்று நான் கேட்கவில்லை.

அதனால்தான் உங்களைத் தேடி வந்தேன். நீங்களும் சிரிக்கிறீர்கள். "வீட்டுக்குப் போய்த் தூங்குங்க பெரியவரே" என்கிறீர்கள். இதோ, அந்தக் குடுவை. என் வாழ்க்கையில் நான் கழுவாமல் வைத்த ஒரே பாத்திரம் இதுதான். சோதித்துப் பாருங்கள், அவசரமில்லை, காத்திருக்கிறேன்.

பத்திரிகைக்காரர்கள் வந்தால் ஒன்று சொல்லுங்கள். ஹியூபர்ட் பிளிம் இதைப் பொறாமையால் செய்யவில்லை. எனக்கும் செட்ரிக்குக்கும் நடுவே அப்படி எதுவும் இருந்ததில்லை. செய்தி போடும்போது மட்டும், என் பெயரை அவன் பெயருக்கு மேலே போடச் சொல்லுங்கள்.