ரேடியோவில் ஜெரிஷ்

— பாட்டை ஏன் அமத்துனீங்க, அத்தான்?

— தலை வலிக்கு, ஜூலியட். எந்த ஸ்டேஷனைத் திருப்புனாலும் இந்தக் கத்தல்தான்.

— கத்தல் பின்னாலதான வருது. ஆரம்பத்துல வர்ற ஆர்கன் நம்ம ஜெரிஷ் வாசிச்சதுலா. சதர்ன் ராக் பாட்டுன்னு சொல்லி நம்ம கராஜே அதிர, இவன்கூட பேண்ட் வச்சிருந்த அந்த டிராவிஸ் டேப்ல பிடிச்சானே.

— எல்லா ஆர்கனும் ஒண்ணு மாதிரிதான் கேக்கும், பாத்துக்கோ.

— சர்ச்சுல அவன் வாசிக்க நான் பாடியிருக்கேன். இடது கை கொஞ்சம் பிந்தித்தான் விழும். அது அவன்தான்.

— சரி, அவன்தான். பிள்ளை ரெண்டு வருஷம் கழிச்சு ஊர்ல இருந்து லீவுக்கு வர்றான். ஏர்போர்ட் போற வழியில என்ன பேச்சு இது? மீன் குழம்பு வச்சியா?

— வைக்கல.

— என்ன புள்ள நீ?

— அந்த பேண்டோட முதல் பாட்டே ஹிட். என் வார்டுல படுத்திருக்க கிழவன்கூட முணுமுணுக்கான். இவனை ஏன் அவங்க கூப்பிடவே இல்ல, அத்தான்?

— வெள்ளைக்காரப் பயலுவ. காரியம் முடிஞ்சா மறந்துருவானுவ.

— பாட்டு முடிஞ்சதும் ரேடியோக்காரன் ஏதோ சொல்லுதான். அது வர்றதுக்குள்ள நீங்க அமத்திருதீங்க. தினமும் பாக்கேன்.

— ஓட்டும்போது தொணதொணக்காத.

— திருப்பிப் போடட்டுமா?

— வேண்டாம்.

— அப்ப நீங்க சொல்லுங்க.

— நல்லதுக்குத்தான் செஞ்சேன், பாத்துக்கோ. இவனை ஊர்ல இஞ்சினியரிங் சேத்துட்டு வந்த பிறகும் அந்த டிராவிஸ் விடல. ஓயாம போன். பாட்டு ரெக்கார்ட் பண்ணப் போறோம், டிக்கெட் நாங்க போடுதோம், அவன் நம்பர் குடுங்கன்னு. குடுத்திருந்தா இவன் படிப்பைப் போட்டுட்டு ஓடி வந்திருப்பான். பார் பாரா வாசிச்சுட்டுத் திரிவான். அதான்.

— அதான்?

— பைக் ஆக்சிடெண்ட்னு சொன்னேன். ஊர்லேயே அடக்கம் பண்ணியாச்சுன்னு.

— பெத்த பிள்ளையவா?

— வாய் வார்த்தைதான, ஜூலியட். போனை வச்சுருவான், அதோட போயிரும்னு நினைச்சேன். பழைய டேப்பைச் சேத்துப் பாட்டு போட்டு, செத்துப்போன ஃப்ரெண்டுக்குன்னு சொல்லி, அது நாடு பூரா ஓடும்னு நான் கண்டேனா?

— ஜெரிஷ்கிட்ட, அவங்க வேற ஆள் பிடிச்சுட்டாங்க, உன்னைத் தேடவே இல்லன்னு சொன்னீங்க.

— வேற என்ன சொல்லச் சொல்லுத?

— டிராவிஸ் வீட்டுக்கு வந்தானா?

— ஒரு தடவை. நீ டியூட்டியில இருந்த. அவன் அம்மாவும் வந்தா. அவன் படியில உக்காந்து அழுதான். பூ குடுத்துட்டுப் போனாங்க.

— வெள்ளை லில்லி. ஆபீஸ்ல குடுத்ததுன்னு சொன்னீங்க. அதைக் கொண்டுபோய் ஆல்டர்ல வச்சு, என் பிள்ளைக்கு நீடிச்ச ஆயுசு குடும் ஆண்டவரேன்னு ஜெபம் பண்ணுனேன்.

— அழாத. அவன் வந்து இறங்கட்டும். நானே டிராவிஸைக் கூப்பிட்டு எல்லாத்தையும் சொல்லிருதேன். காலைப் பிடிச்சாவது சொல்லுதேன். டோல் வந்துட்டு, டிக்கெட் எடுக்கேன்.

— எடுக்க வேண்டாம். ஓரமா நிறுத்துங்க.

— பிளேன் இறங்கிரும், ஜூலியட்.

— இறங்கட்டும். திங்கக்கிழமை ஜெரிஷ் எனக்கு போன் பண்ணுனான். ப்ரவுசிங் சென்டர்ல அந்த பேண்டோட பக்கத்தைத் திறந்திருக்கான். இவன் போட்டோ இருந்திருக்கு. கீழ பிறந்த வருஷம், பக்கத்துல செத்த வருஷம்னு 1998. டிராவிஸுக்கு போன் போட்டு, நான்தான்டா ஜெரிஷ்னு சொல்லியிருக்கான். செத்தவன் பேரை வச்சு விளையாடுதியான்னு அவன் அசிங்கமாத் திட்டி வச்சுட்டானாம்.

— ஏன் என்கிட்ட சொல்லல?

— அப்பா அப்படிச் சொல்லியிருக்கவே மாட்டாங்க மக்களேன்னு அவன்கிட்ட சத்தியம் பண்ணுனேன். நீங்களும் இல்லன்னு ஒரு வார்த்தை சொல்லிருவீங்கன்னுதான் இவ்வளவு தூரம் கார்ல ஏறி வந்தேன்.

— மன்னிப்பு கேக்கேன். பிள்ளைகிட்டயே கேக்கேன். விடு, நேரமாச்சு, அவன் வெளிய வந்து நிப்பான்.

— அவன் பிளேன் ஏறல, அத்தான். அப்பா அடக்கம் பண்ணுனது பண்ணுனபடியே இருக்கட்டும்மான்னு சொல்லிட்டான்.