பங்குக் கிணற்றில் ஒரு முறை

— இடுப்பு கழண்டுபோச்சு, யுகேந்திரண்ணே. முட்டைக்கோஸ் மூட்டையா, கருங்கல்லா இது? செத்த உக்காந்துக்கிறேன்.

— உக்காரு லா, கலியமூர்த்தி. அடுத்த லோரி வர நேரமாகும். ஒன்னு கேக்குறேன், மறைக்காம சொல்லு. பாஸ் உன் பெர்மிட்டை ரினியூ பண்றேன்னு சொல்றாரு. மலேசியாவுல, இந்த செலாயாங் காய்கறி பாசார்ல எவனுக்கு லா அது கிடைக்குது? நீ வேணாங்கிற!

— ஊருக்குப் போறேண்ணே.

— கதை வுடாதே. தெலுக் பங்லிமா காராங் பக்கம் பேக்டரி வேலைக்கு எவனாச்சும் கூப்பிட்டானா?

— ஒருத்தனும் கூப்பிடல. ஊர்ல போன மாசம் ஒரே ஒரு மழை. கெணத்துல கொஞ்சம் ஊறியிருக்கு. அடுத்த வாரம் என் முறை.

— என்னா முறை?

— பங்குக் கெணறுண்ணே. மூணு வூடு. ஒருதரம் எறைச்சா திரும்ப ஊற ஒரு வாரம் ஆவும். அதான் வாரத்துக்கு ஒரு வூடு.

— உன் பொண்டாட்டி எறைக்கட்டும் லா. இதுக்குப் போயி பிளேன் ஏறுவியா?

— எங்க வயலுக்குன்னா அவளே பாய்ச்சுவா. அடுத்தவனுக்குத் தரணும்னா பங்குக்காரனே மம்முட்டியோட நின்னு வாய்க்காலைத் திருப்பணும். இல்லேன்னா மத்த வூட்டுக்காரன் ஒத்துக்க மாட்டான்.

— அடுத்தவனுக்கா? யாருக்கு?

— விஜயனுக்கு. பக்கத்து வயல், அதே கெணறு. நான் இங்க வர்றதுக்கு முந்தி ஒரு மழையில்லாத வருசம், ரெண்டு பேர் கடலையும் விழுது எறங்குற நேரம். கெணத்துல கடைசித் தண்ணி. அது அவன் முறை. "உனக்குப் புள்ளைங்க இருக்கு, நான் ஒண்டிக்கட்டை"ன்னு என் பக்கம் திருப்பி விட்டான்.

— அவன் கடலை?

— கருகிப்போச்சு. புடுங்கி மாட்டுக்குப் போட்டான். என் கடலையை வித்துத்தான் இங்க வந்தேன்.

— அடப்பாவி! காசு அனுப்பிருக்கலாம்ல?

— அனுப்பினேன். திருப்பிட்டான். காசை ஊத்தினா கடலை காய்க்குமான்னு கேட்டான்.

— நல்ல ஆளு லா! இப்ப அவன் கடலை எப்படி இருக்கு?

— பூ வெச்சு வாடுது.

— உன் வயலு?

— அதுவும் கடலைதான். அதுவும் வாடுது.

— டேய், இரு. தண்ணி ரெண்டு பேருக்கும் பத்துமா?

— ஒருத்தனுக்கே இழுபறி. அதுக்கப்புறம் கெணறு ஊறுமான்னு தெரியல.

— உன் பொண்டாட்டிக்குத் தெரியுமா இது?

— தெரியாதுண்ணே. நம்ம கடலையக் காப்பாத்தத்தான் வரேன்னு நெனச்சுக்கிட்டு இருக்கா.

— அவகிட்ட என்னான்னு சொல்லுவே?

— விஜயனுக்கு ஒரு முறைத் தண்ணி பாக்கின்னு.