ஜமுக்காளத்தில் போட்ட ஏலம்

– ஆமாவா, இல்லையா? ரெண்டுல ஒண்ணைச் சொல்லு கண்ணுச்சாமி. நான் மூணு மணி பஸ்ஸைப் பிடிச்சாகணும்.

– எதுக்குய்யா ஆமாங்கறது? குத்தம் என்னன்னே சொல்லாம சஸ்பெண்டுன்னு காயிதத்த நீட்டுனாக. இன்னைக்கித்தான் விசாரணைன்னு நீங்க மலையேறி வந்திருக்கீங்க.

– குற்றச்சாட்டு இதோ. அரசு பங்களாவின் வாட்ச்மேனாகிய நீர், பங்களாவுக்குச் சொந்தமான ஜமுக்காளத்தைப் பொது ஏலத்தில் விட்டீர்.

– ஜமுக்காளத்தையா? சத்தியமாச் சொல்றேன், அய்யா கொஞ்சம் எந்திரிங்க.

– எதுக்கு?

– நீங்க உக்காந்திருக்கறதே அதுலதான்! இந்தா, ஓரத்துல டிபார்ட்மெண்டு நம்பரு பதினேழு. பங்களாவுக்கே இது ஒண்ணுதான்.

– இழுக்காதே, விழுந்துடப் போறேன்! ஏலம் விட்டுட்டுத் திரும்ப வாங்கியிருக்கலாம். எப்படியும் டிஸ்மிஸ் ஆர்டர் டைப் அடிச்சுப் பையிலே இருக்கு. தேதி மட்டும்தான் போடணும்.

– கேக்குறதுக்கு முன்னாடியே தீர்ப்பா? மூணு பொம்பளப் பிள்ளைகள வச்சுக்கிட்டு இந்தக் குவார்ட்டர்ஸ விட்டு நான் எங்கிட்டுப் போவேன்? புகார் மனுவக் கண்ணுல காட்டுங்கய்யா.

– காட்டக்கூடாது. ரகசியம்.

– அப்ப வாசிங்க. காதாலயாச்சும் கேட்டுக்கிறேன்.

– எண்டம்மே! அண்ணன வேலைய விட்டுத் தூக்குறாகளா? இந்தாங்கய்யா, பாலில்லாத கட்டஞ்சாயா. நான் இங்கனயே நின்னு கேட்டுட்டுத்தான் போவேன்.

– யாரம்மா நீ? விசாரணை நடக்குற இடத்துல!

– ஏலத்தோட்டத்து ராமுத்தாயி. அண்ணனுக்குச் சாட்சி. எழுதிக்கிருங்க.

– சாட்சிப் பட்டியல்ல நீ இல்லையே.

– பட்டியலே போடலையேய்யா! நீங்க வாசிங்க.

– சரி, தொலையட்டும். "சென்ற மாதம் அடைமழையன்று, வாட்ச்மேன் கண்ணுச்சாமி, நாலு பேர் பார்க்க, அரசாங்க ஜமுக்காளத்தை விரித்து ஏலம் போட்டார்." போதுமா? கொட்டை எழுத்துல இருக்கு, ஏலம் போட்டார்!

– ஏத்தா ராமுத்தாயி, நான் ஏலம் போட்டேனாம்!

– அய்யோ அண்ணே, சிரிச்சுச் சிரிச்சு வயிறு வலிக்கி!

– என்ன சிரிப்பு ரெண்டு பேருக்கும்?

– அய்யாவுக்குச் சொந்த ஊரு எது?

– தஞ்சாவூர்ப் பக்கம்.

– அதான பாத்தேன்! எங்க போடி மலையில ஏலம்னா ஏலக்காய்ங்கய்யா! இந்தப் பிள்ளையோட காய் மூட்டை ஜீப்புல வாரப்ப மழையில நனஞ்சுபோச்சு. ரோட்டுல நின்னு அழுதுச்சு. ஜமுக்காளத்த விரிச்சுக் காயப் பரப்பி, பக்கத்துல கரி அடுப்பு வச்சு ராவும் பகலும் காயவச்சுக் குடுத்தேன். அம்புட்டுத்தான்!

– அடக் கடவுளே! வந்ததுலேருந்து பாயசம் எங்கே வேகுதுன்னு தேடிக்கிட்டிருக்கேன். வாசனை எனக்குக் கீழேருந்தா வருது?

– ஆமாங்கய்யா, ரெண்டு தடவ தொவச்சும் போகல!

– சிரிக்காதே. அரசாங்க ஜமுக்காளத்துல வெளியாள் காயை உலர்த்தினதும் குற்றம்தான். இல்லேன்னா மெனக்கெட்டு ஒருத்தர் புகார் எழுதுவாரா?

– எந்தக் கட்டையில போறவன் எழுதுனானோ! அவன் கையில அட்டை ஏற! அவன் சோத்துல மண்ணு விழ!

– விடு தாயி. நான் யாருக்கு என்னய்யா கெடுதல் செஞ்சேன்? எழுதுன ஆள் பேர மட்டும் சொல்லுங்க. மனசு ஆறல.

– பேரே இல்லையப்பா. கீழே "பின்பக்கம் பார்க்க"ன்னு மட்டும் இருக்கு.

– பாத்தீங்களா?

– எங்க பார்க்குறது? ஃபைல்ல பசை வச்சு ஒட்டிட்டாங்க. இரு, பிரிக்கிறேன்.

– வெரசாப் பிரிங்கய்யா! அந்தப் பாவி பேரத் தெரிஞ்சுக்காம நான் தோட்டத்துக்குப் போகமாட்டேன்.

– "…ஆகவே, என் காயைக் காப்பாற்றிக் கொடுத்த இந்த நல்ல மனிதருக்குச் சம்பளம் கூட்டித் தரவும். இப்படிக்கு, ராமுத்தாய், இடது பெருவிரல் ரேகை."