முதல் பிரதி வாங்க வந்தவர்

— பதினோராம் அத்தியாயம் எத்தினை பக்கம் எண்டு சொல்லு. மிச்சத்தை நான் பாக்கிறன்.

— ஆறு பக்கம். ஏன் அக்கா?

— அப்ப மூண்டு தாள். நூற்றைம்பது புத்தகம். கூட்டம் தொடங்க இன்னும் முக்கால் மணித்தியாலம் கிடக்கு. பிளேட் கொண்டந்திருக்கிறன். நீயும் ஒரு கை பிடிச்சால் கெதியா வெட்டி எடுத்திடலாம்.

— புத்தகத்தை வெட்டவோ?

— அடியோடை வெட்டினால் தெரியாது, புனிதம். எங்கடை சனம் பக்கம் எண்ணியே வாசிக்கப்போகுது? முன் அட்டையிலை உன்ரை படத்தைப் பாக்கும், கொண்டுபோய் ரீவிக்கு மேலை வைக்கும்.

— எழுதினவளுக்கு முன்னாலை சொல்லுற கதையே இது?

— எழுதினவள் என்ரை தங்கச்சி. அதாலைதான் சொல்லுறன். நேற்றுப் பின்னேரம் மெட்றாசிலை இருந்து பெட்டி வந்து, உடைச்சு, பெருமையோடை வாசிக்கத் தொடங்கினனான். பதினோராம் அத்தியாயத்திலை வந்து நிண்டதுதான். இன்னும் எனக்குப் பச்சைத்தண்ணி இறங்கேல்லை. கதைப் புத்தகம் எண்டல்லோ சொன்னனீ?

— புத்தகம் எண்டுதான் சொன்னனான். கதையெண்டு நீங்களா நினைச்சனீங்கள். நான் டொக்டர் எண்டு இந்தக் கனடாவிலை ஸ்காபரோ முழுக்க நினைக்கிற மாதிரி.

— அது தானா நினைக்கேல்லை. நான்தான் சொன்னனான், ஒத்துக்கொள்ளுறன். ஆனால் ஒரேயடியாப் பொய்யுமில்லை. 'தங்கச்சி ஆசுபத்திரியிலை' எண்டுதான் முதல் சொன்னன்.

— ஓம், ஆசுபத்திரிதான். மெல்பேணிலை ஒரு பெரிய கொட்டிலுக்குள்ளை பலகையிலை அடிச்ச ஆசுபத்திரி. சாய்ஞ்சால் சுவர் ஆடும்.

— ஆறு வருசம் வெள்ளைக் கோட்டுப் போட்டனீதானே.

— ரீவி நாடகத்திலை, அக்கா. அதுக்கு முதல் பத்து வருசம் என்னென்ன போட்டனான் எண்டு ஒருநாளும் கேட்டதில்லை நீங்கள். பழக்கடைக்காரி, கைரேகை பாக்கிறவள், வீடு கூட்டுறவள். ஒருக்கால் பிரேதம். பிரேதமாக் கிடந்ததைத்தான் எல்லாரும் மெச்சினவை.

— உதைச் சொல்லித் தலை நிமித்தியிருக்கலாம், என்ன? 'என்ரை தங்கச்சி அவுஸ்திரேலியாவிலை பிரேதமா நடிக்கிறாள்' எண்டு? அந்த நேரம் என்ரை மூத்தவளுக்குச் சம்பந்தம் பேசிக்கொண்டிருக்கிறம். சின்னம்மாக்காரி கூத்தாடி எண்டால், வந்தவை தேத்தண்ணியும் குடியாமல் எழும்பியிருப்பினம்.

— அதுக்காக இண்டைக்கு நோட்டீசிலையும் 'வைத்திய கலாநிதி புனிதவதி' எண்டு அடிக்கவேணுமோ? பிளாசாவிலை கடைக்குக் கடை ஒட்டியிருக்கு. எனக்குத் தலை குனிஞ்சுபோச்சு. வெளியிலை ஒரு மனிசி எக்ஸ்ரேயோடை நிக்கிறா, அக்கா. கூட்டம் முடிய ஒருக்கால் பாத்துச் சொல்லட்டாம்.

— அது தலைவர் அடிச்சது. நான் வேண்டாமெண்டு சொல்லேல்லை, அவ்வளவுதான். விடு. முதல் பிரதி ஆர் வாங்கிறது எண்டு தெரியும்தானே உனக்கு?

— யேசுரட்ணம் அண்ணை.

— றீற்றாவின்ரை மனுசன். அதையும் சேத்துச் சொல்லு. சனம் எல்லாம் கை தட்ட, மேடையிலை வைச்சு அந்த மனுசனின்ரை கையிலை முதல் புத்தகத்தைக் குடுக்கப்போறாய். மகள் அன்ரனெற் உனக்கு மாலை போடப்போறாள். தேப்பனும் பிள்ளையும் வீட்டை போய் விரிச்சுப் பாத்தால், பதினோராம் அத்தியாயத்திலை றீற்றாவைச் சாகடிச்சு வைச்சிருக்கிறாய்.

— எழுதினதாலை றீற்றா சாகேல்லை, அக்கா. சரி, பிளேட்டைத் தாங்கோ. அந்த ஆறு பக்கத்திலை எந்த வரி பொய் எண்டு காட்டுங்கோ. அந்த வரியை நானே வெட்டுறன்.

— பொய் எண்டு நான் சொல்லேல்லையே.

— அண்டைக்கு என்ன நடந்தது? உங்கடை வாயாலை சொல்லுங்கோ.

— என்னட்டை ஏன் கேக்கிறாய்? தொண்ணூற்றொண்டு, குருத்தோலை ஞாயிறு. அவள் கோயிலாலை நேர என்னட்டை வந்தவள், கையிலை ஓலைச் சிலுவை கிடந்தது. ஞாயிறுதான் போன் மலிவு, உனக்கு எடுத்துக் கதைச்சுக்கொண்டு நிக்கிறன். 'அக்கா, உங்கடை டொக்டர்த் தங்கச்சியோ? எனக்கு ஒண்டு கேக்கோணும்' எண்டாள். காதுக்குள்ளைதான் சொன்னாள். நெஞ்சிலை ஒரு கட்டி. இஞ்சத்தை ஆம்பிளை டொக்டருக்குக் காட்ட வெக்கம். மொழிபெயர்க்க வாறதும் எங்கடை ஆக்கள், பேந்து நாங்கள் எல்லாரும் இருக்கிற கட்டிடம் முழுக்கக் கதை போகும்.

— பிறகு?

— பிறகு நான் போனைக் குடுத்தன்.

— குடுக்க முதல் எனக்கு ஒண்டு சொன்னனீங்கள். அதையும் எழுதியிருக்கிறன்.

— 'ஏதும் ஆறுதலாச் சொல்லிவிடு, புனிதம். என்னைக் காட்டிக் குடுத்திடாதை.' அதைத்தானே? உயிர் உள்ளமட்டும் மறக்கமாட்டன். நான் செய்ததுக்கு என்னைத் திட்டி எழுதியிருந்தாலும் பறவாயில்லை. உன்னையெல்லோ நீ கிழிச்சு வைச்சிருக்கிறாய்.

— உங்களைக் கிழிக்க என்ன கிடக்கு? நீங்கள் போனைத்தான் குடுத்தனீங்கள். கதைச்சது நான். 'அம்மா, நான் டொக்டர் இல்லை, ஓடிப்போய் ஒரு டொக்டரிட்டைக் காட்டுங்கோ' எண்டு சொல்ல எத்தினை நிமிசம் வேணும்? சொல்லேல்லை. முந்தின கிழமை நாடகத்திலை ஒரு மனிசியின்ரை கையைப் பிடிச்சுக்கொண்டு என்ன சொன்னனோ, அதைத் தமிழிலை சொன்னன். அதே நிதானம், அதே குரல்.

— போதும்.

— போதாது. போனை வைச்சாப் பிறகு நான் என்ன நினைச்சன் தெரியுமோ? அதுதான் கடைசிப் பக்கம். றீற்றாவைப் பற்றி நான் ஒண்டும் நினைக்கேல்லை, அக்கா. 'நல்லாச் செய்தன்' எண்டு நினைச்சன். இவ்வளவு காலமும் ஒருத்தரும் என்னை இப்பிடி நம்பேல்லையே எண்டு சந்தோசப்பட்டன்.

— என்ரை பிள்ளையாரே.

— அவ பதினொரு மாசம் ஒருத்தருக்கும் காட்டேல்லை. தொண்ணூற்றிமூண்டு தையிலை நீங்கள் போன் எடுத்து, 'றீற்றா போயிட்டாள்' எண்டு சொன்னனீங்கள். அந்தக் கிழமையும் எனக்கு ஒரு நோயாளியின்ரை கையைப் பிடிக்கிற காட்சி. வாய் வரேல்லை. பதினேழு தரம் எடுத்தவை. கடைசியிலை அந்த டொக்டரை வேறை ஊருக்கு மாத்திவிட்ட மாதிரி நாடகத்தை எழுதி, என்னை அனுப்பிவிட்டினம்.

— உடம்பு சரியில்லாமல் விட்டனான் எண்டெல்லோ எனக்குச் சொன்னனீ?

— நானும் உங்கடை தங்கச்சிதானே. பேந்து வீட்டிலை இருந்து இங்கிலிசிலை இரண்டு புத்தகம் எழுதினன். நல்லாயிருக்கு எண்டு பேப்பரிலை போட்டவங்கள். இரண்டிலையும் இதைச் சுத்திச் சுத்தித்தான் நடந்தன், உள்ளுக்கை போகேல்லை. வெள்ளைக்காரனுக்குச் சொல்லி என்ன பிரயோசனம்? வாசிக்கவேண்டிய ஆள் வாசிக்கோணும் எண்டுதான் மூண்டாவதைத் தமிழிலை… அக்கா, கையை எடுங்கோ. என்ன செய்யிறியள்?

— ஒண்டுதான். வெட்டுப்படுதோ எண்டு பாத்தன்.

— வெட்டிப்போட்டியள்.

— எடி, சொல்லுறதைக் கேள். அவர் ஒரு சாது. வீடியோக் கடையும் நடத்திக்கொண்டு, அவள் படுத்த படுக்கையா இருக்கேக்கை இரண்டு பிள்ளையளையும் குளிப்பாட்டித் தலை இழுத்துப் பள்ளிக்கூடம் விட்டவர். இப்பதான் அந்தக் கடையையும் விட்டு, மரக்கறிக் கடை போட்டு, கொஞ்சமெண்டாலும் சிரிக்கிறார். இந்த மண்டபமும் அவரின்ரை செலவுதான். நீ சொன்னால் உன்ரை மனம் ஆறும். அவரின்ரை மனம்?

— அக்கா, ஒண்டு கேக்கிறன். முந்தநாள் எயார்போட்டுக்கு வந்தவை எல்லாரும் என்னை டொக்டரம்மா எண்டவை. அவர் மட்டும் தங்கச்சி எண்டார். ஏன்?

— உரிமையிலை சொல்லியிருப்பார். குருநகர் ஆக்கள் அப்பிடித்தான். பொறு, ஆரோ கதவு தட்டினம். தாளை மூடு. பிளேட்டை அந்த வடைத் தட்டுக்குக் கீழை தள்ளு.

— கமலாம்பிகை அக்கா, உள்ளுக்கை வரலாமோ? மைக் பாத்தாச்சு எண்டு வையுங்கோ. சனமும் அரைவாசி வந்திட்டுது. தங்கச்சி, சாப்பிட்டனீங்களோ?

— வாங்கோ யேசுரட்ணம் தம்பி. இவள் சாப்பிட்டவள். நீங்கள் முன் வரிசையிலை போய் இருங்கோ, நாங்கள் இந்தா வாறம்.

— போறன், போறன். ஒரு புத்தகத்தைக் கையிலை எடுத்துப் பாப்பம் எண்டு வந்தனான். மேடையிலை வைச்சுத் தலைகீழாப் பிடிச்சுப்போட்டு நிக்கக்கூடாதெல்லே. இது ஏன் அக்கா நடுவிலை ஒரு மாதிரிக் கழண்டு கிடக்கு?

— அச்சுப் பிழை. மெட்றாஸ்காரரின்ரை வேலை. அதை வையுங்கோ, வேறை தாறன்.

— தாள் இந்தா மேசையிலை கிடக்கு, அக்கா. வடைத் தட்டுக்குக் கீழை பிளேட்டும் எனக்குத் தெரியுது.

— அது…

— அக்கா, நீங்கள் பேசாமல் இருங்கோ. அண்ணை, அதை வெட்டினது உங்களுக்காக. அதிலை றீற்றா அக்காவைப் பற்றி எழுதியிருக்கிறன்.

— றீற்றாவைப் பற்றியோ? நான் கண்ணாடி கொண்டரேல்லை, தங்கச்சி. வாசியுங்கோ.

— வாசிக்க ஏலாது. சொல்லுறன். அண்ணை, நான் டொக்டர் இல்லை. ஒரு நாளும் டொக்டரா இருந்ததில்லை. நான் ரீவியிலை நடிக்கிறவள். றீற்றா அக்கா போனிலை கேக்கேக்கை, நடிச்சுத்தான் மறுமொழி சொன்னனான்.

— இருங்கோ தம்பி. பள்ளிக்கூடத்துப் பிள்ளையளின்ரை கதிரைதான், சின்னன், பறவாயில்லை, இருங்கோ. பிழை முழுக்க என்ரை. டொக்டர் எண்டு பொய் சொன்னதும் நான், போனைக் குடுத்ததும் நான். இவளை ஒண்டும் சொல்லாதேங்கோ.

— என்ன சொன்னனீங்கள், தங்கச்சி?

— நான் டொக்டர் இல்லை எண்டு…

— அதில்லை. அண்டைக்குப் போனிலை. அவளுக்குச் சொன்ன மாதிரியே ஒருக்கால் சொல்லுங்கோ.

— அண்ணை, அதை மட்டும் கேளாதேங்கோ.

— கேக்கிறன்.

— 'பயப்பிடாதேங்கோ அம்மா. இது கனபேருக்கு வாறதுதான். அதைப் பற்றி யோசியாமல் விடுங்கோ. தானாக் கரைஞ்சுபோம்.'

— ஓம். உந்தக் குரல்தான்.

— தம்பி, நீங்கள் அண்டைக்குப் போனிலை கதைக்கேல்லையே.

— இல்லை அக்கா, கதைக்கேல்லை. அவள் உங்கடை வீட்டாலை சிரிச்சுக்கொண்டு வந்தவள். படி ஏறி வந்தவள் எண்டு வையுங்கோ, லிஃப்ற்றுக்கும் பொறுக்கேல்லை. 'மூண்டு மாசமா நெஞ்சுக்குள்ளை வைச்சு அழுதது, டொக்டரம்மா ஒரு நிமிசத்திலை இல்லையெண்டு ஆக்கிவிட்டா' எண்டாள். அண்டைக்குக் கூனிச் சம்பல் இடிச்சவள்.

— எனக்கும் ஒரு கிண்ணத்திலை கொண்டந்து தந்தவள்.

— அந்த நேரம் எங்கடை அகதிப் பேப்பருக்கு மெடிக்கல் சோதினை வரக் கிடந்தது. வருத்தம் ஏதும் கண்டால் குடும்பத்தோடை திருப்பி அனுப்பிப்போடுவாங்கள் எண்டு கட்டிடத்திலை ஒரு கதை. பிறகு விசாரிச்சால் அப்பிடி ஒண்டும் இல்லையாம். அப்ப ஆரைக் கேக்கிறது? ஊரிலை சண்டை, செல் விழுந்துகொண்டு கிடக்கு. இரண்டு குஞ்சுகள். எனக்குப் பயம்.

— உங்களுக்கு மட்டுமே, தம்பி. எல்லாருக்கும் அந்தப் பயம் இருந்தது.

— இரவிலை ஒருக்கால் அவள் கேட்டவள். 'எதுக்கும் இஞ்சத்தை டொக்டரிட்டையும் ஒருக்கால் காட்டுவமோ' எண்டு. 'டொக்டரே சொன்னாப் பிறகு ஏன் யோசிக்கிறாய்' எண்டு நான்தான் சொன்னனான். தங்கச்சி, அந்த ஆறு பக்கத்திலை என்ரை பேர் எங்கையும் கிடக்கோ?

— இல்லை அண்ணை. நீங்கள் என்ன பிழை விட்டனீங்கள்? நீங்களும் என்னை நம்பின ஆள்.

— அப்ப அது இன்னும் முழுசா இல்லை. வெட்டாதேங்கோ அக்கா, வெட்டின தாளையும் திருப்பி உள்ளுக்கை வையுங்கோ. அன்ரனெற் சனிக்கிழமை வகுப்பிலை தமிழ் படிச்சவள், வாசிப்பாள். எனக்கு நாலு வருசமா வாயிலை வராததை அவள் வாசிக்கட்டும்.

— என்ன கதைக்கிறியள், தம்பி? எனக்கு ஒண்டும் விளங்கேல்லை.

— என்ரை வீடியோக் கடையிலை ஒரு மெசின் கிடந்தது, ஞாபகம் இருக்கோ, அக்கா? வெளிநாட்டுக் கசெற் இஞ்சத்தை ரீவியிலை ஓடாது. மாத்திக் குடுக்கிறனான்.

— ஓம். சனம் கலியாணக் கசெற்றெல்லாம் தூக்கிக்கொண்டு வாறது.

— என்ரை தம்பி மெல்பேணிலை இருந்து ஒண்டு அனுப்பினவன். 'எங்கடை மனிசி ஒருத்தி ரீவியிலை டொக்டரா நடிக்கிறா, பாருங்கோ' எண்டு. மாத்தி முடியும் மட்டும் மெசினுக்குப் பக்கத்திலை இருந்து முழுக்கப் பாத்தன். உங்கடை ஹோலிலை கொழுவிக் கிடக்கிற படத்திலை இருந்த அதே முகம். உங்கடை மானம் போகக்கூடாது எண்டு ஒருத்தருக்கும் காட்டாமல் மேல் தட்டிலை எடுத்து வைச்சன். றீற்றாவுக்கும் சொல்லேல்லை.

— எப்ப தம்பி அது? அவள் செத்தாப் பிறகோ?

— குருத்தோலை ஞாயிறுக்கு மூண்டு மாசம் முதல், அக்கா.