எண்ணாமல் செத்த காட்சி

— நாப்பத்தோரு நாள் ஆச்சுங்க ஐயா, அம்மா தவறி. அதுக்கப்புறம்தான் உங்க விலாசத்தைத் தேடினேன்.

— தையல்காரி அர்மீதாவோட பொண்ணா நீ? உட்காரும்மா. இரு, காபி வெக்கறேன்.

— திரும்பாம பேசுங்க. எனக்குப் பத்து வயசுலயே காது போயிடுச்சு. உதட்டைப் பார்த்துத்தான் புரிஞ்சுக்குவேன்.

— சரி, காபி கெடக்குது. இப்படி எதிர்லயே உட்கார்ந்துக்கறேன்.

— ஒரே கேள்விதான். ஒரு வார்த்தைகூடச் சொல்லாம ஏன் அம்மாவை விட்டுட்டுப் போனீங்க? எங்கப்பாவைக் கட்டிக்கிட்ட பிறகும் அவங்களுக்கு அது ஆறவே இல்ல.

— சொல்லாமயா? நல்லா இருக்கே கதை. கட்டிக்கறியான்னு கேட்டேன்மா. உங்கம்மாதான் பதில் சொல்லல.

— எப்போ கேட்டீங்க?

— சிரிக்கக் கூடாது. சாகறப்போ. அறுபத்தெட்டுல, ஒரு கௌபாய் படம். ரோமுக்கு வெளியே இருந்த கல்குவாரியைத்தான் அமெரிக்கா டெக்சாஸ்னு காட்டினாங்க. எனக்கு மூணாவது வில்லன் வேஷம். பேரை வால்ட் பிரிக்ஸ்டன்னு போட்டாங்க. ஒட்டாவியோ புருசாதின்னு என் சொந்தப் பேரைப் போட்டா எவன் பயப்படுவான்?

— தெரியும். உங்க படம் முப்பத்தாறு பார்த்துட்டேன். ஒண்ணுலயும் நீங்க வசனம் பேசல. ஒண்ணு, ரெண்டு, மூணுன்னு எண்ணுறீங்க.

— அடிப்பாவி. இத்தனை வருஷத்துல ஒருத்தனும் கண்டுபிடிக்கல. அங்க ஒலிப்பதிவே கிடையாதும்மா. குரல் பின்னாடி வேற ஆள் கொடுப்பான். வாய் அசைஞ்சாப் போதும், அப்புறம் எவன் மனப்பாடம் பண்றது? காதலுக்கும் எண்ணுவேன், கொலைக்கும் எண்ணுவேன்.

— குவாரியில சுடப்பட்டு விழறப்போ மட்டும் எண்ணல.

— காபி குடிக்கறியா?

— "அர்மீதா, ஞாயித்துக்கிழமை உங்கப்பாகிட்ட வந்து பேசட்டுமா?" அதுதானே சொன்னீங்க?

— அதேதான். நேருக்கு நேர் கேட்கத் தைரியம் இல்ல. சாகறவன்னா என்ன வேணா சொல்லலாமில்ல? அவ கேமராவுக்கு இந்தப் பக்கம், கை நீட்டினாத் தொடற தூரத்துல உட்கார்ந்து, குனிஞ்சு அடுத்த டேக்குக்கு ரத்தச் சட்டை தைச்சுக்கிட்டு இருந்தா. மெதுவாத்தான் சொன்னேன். ஆனா அந்தத் தூரத்துல கேட்காம இருக்குமா? அவ நிமிரவே இல்ல. நூலைப் பல்லால கடிச்சு அறுத்தா, சட்டையை எடுத்துக்கிட்டு துணிமணி வண்டிக்குப் போயிட்டா.

— அதோட விட்டுட்டீங்களா?

— வேற என்ன செய்வான் மனுஷன்? மறுநாளே ஸ்பெயின்ல வேற படம்னு கிளம்பிட்டேன். வேண்டாம்னு வாயால சொல்லக்கூட நான் லாயக்கில்லைன்னு நினைச்சிருக்கா. அந்த ஆத்திரத்துலதான் பாதி வில்லன் வேஷத்தையே ஓட்டினேன்.

— நீங்க தப்பா நினைச்சுட்டீங்க.

— நாப்பது வருஷமா எனக்கு அதுதான் பதில். இனிமே நீ வந்து என்னத்தை மாத்தப் போறே?

— தெரிஞ்சா வேலை போயிடும்னு அங்க யாருகிட்டயும் சொல்லலீங்க. அம்மாவுக்கும் காது கேட்காது.