எலிடே அம்மையாருக்கு: கொமாக்கியோவில் நீங்கள் நிறுத்தாத காட்சி

வெட்டுவதையும் ஒட்டுவதையும் வேள்வியாய்ச் செய்த ரோமாபுரிப் படத்தொகுப்புக் கூடத்தின் விளக்கே! பிறர் படங்களுக்குப் பத்தொன்பது ஆண்டும் தம் படங்களுக்குப் பதினேழு ஆண்டும் உழைத்து இன்று ஓய்வு கொள்ளும் இயக்குநர் எலிடே பொர்தோலான் அம்மையாரே! வணக்கம்.

பெருமைகளைப் பட்டியலிடுவது மரபு. எங்களுக்கோ அந்தப் பத்து நாள் பயம்தான் நினைவில் முந்துகிறது.

கொமாக்கியோ உப்பங்கழியில் படப்பிடிப்பு முடியப் பத்து நாள் இருக்கையில் இயக்குநர் மாரடைப்பில் படுத்தார். கதையை முழுதாய் அறிந்தவர் படத்தொகுப்பாளரான நீங்கள் ஒருவரே என்று தயாரிப்பாளர் உங்களை அனுப்பினார். கதாநாயகர் ஓரெஸ்தே எல்லோரும் கேட்கவே சொன்னாராம்: "தையக்காரி வந்திருக்காங்க, அளவு குடுங்கப்பா." அதைக் கேள்விப்பட்டதே எங்களைக் கலக்கியது.

மூன்றாம் நாள் படச்சுருள்கள் எங்கள் கூடத்துக்கு வந்தன. போட்டுப் பார்த்தோம். மேசையில் வெட்ட வேண்டியதை மனத்திலேயே வெட்டி, நடிகர் வாய் மூடுமுன் "கட்" சொல்லியிருந்தீர்கள். வார இறுதியில் தயாரிப்பாளர் பார்க்க வருவார். உங்களுக்குப் பதிலாக வேறோர் இயக்குநரின் பெயரும் அடிபட்டது. எங்கள் உதவியாளர் நீவெஸ்தான் துணிந்து உங்களைத் தொலைபேசியில் அழைத்தார்.

"அக்கா, எல்லாத்தையும் அங்கயே வெட்டிட்டீங்க. இங்க ஒட்டுறதுக்கு ஒண்ணும் இல்ல."

"நிறுத்தலேன்னா அடுத்து என்ன ஆகுமோன்னு பயமா இருக்கு, நீவெஸ்."

"எங்களுக்கும் பயமாத்தான் இருக்கு. கேமராவை ஓட விடுங்க."

மறுநாள் படகுத்துறையில், கணவன் இறந்த செய்தியை மீன்காரப் பெண் கேட்கும் காட்சி. வசனம் முடிந்தது, நீங்கள் "கட்" சொல்லவில்லை. செய்தி சொன்ன ஓரெஸ்தே செய்வதறியாது நின்றார். பிறகு குனிந்து, அவள் கூடையிலிருந்து சிதறிய விலாங்குகளைப் பொறுக்கினார். அவை வழுக்கி வழுக்கி ஓடின. அவளும் உட்கார்ந்து பொறுக்கினாள். சுருள் தீரும்வரை கேமரா ஓடியது.

தயாரிப்பாளர் அதைப் பார்த்தார். வேறு இயக்குநர் யார் பெயரையும் சொல்லாமல் கோட்டை மாட்டிக்கொண்டு போனார்.

முதல் திரையீட்டன்று அரங்கினுள் வரத் துணிவின்றி வெளியே நின்றீர்கள். உங்களைத் தேடி வந்த ஓரெஸ்தே, "அடுத்த படத்துல எனக்கு வேஷம் இருக்கா?" என்று கேட்டார். "அடுத்த படமா?" என்றீர்கள். அப்போது உங்கள் முகம் வெளுத்ததை நாங்கள் கண்டோம்.

அதன்பின் ஆறு படங்கள்! ஆறு முறையும் படப்பிடிப்பின் முதல் நாள் காலையில் ஒரு வாய் ரொட்டி உங்களுக்கு இறங்கியதில்லை. அதை அறிந்து நாங்களும் இங்கே உண்டதில்லை.

நாளைக் காலை படப்பிடிப்பு இல்லை, அம்மையாரே. வயிறார உண்ணுங்கள். நோயின்றி நூறாண்டு நிறைவுற வாழுங்கள்.

அன்றும் இன்றும் உங்களுக்காகக் கலங்கும்,
படத்தொகுப்புக் கூடத்துப் பணியாளர்கள்,
ரோமாபுரி.