அசைவு நூலின் மறுப்புத் தாள்

குளிர்காலத்தில் பாக்தாதில் மை எளிதில் காயாது. நகல் எழுதுகிற நாங்கள் கணப்புச் சட்டியை முழங்காலருகே வைத்துக்கொள்வோம். ஸஹ்ரூன் அண்ணன் மட்டும் தன் சட்டியையும் என் பக்கம் தள்ளிவிடுவார். "எனக்குக் கண்ணுதான் போச்சு. உனக்கு விரலும் விறைச்சுட்டா யாரு தம்பி எழுதுறது?" என்பார். காஜி அவர்களே, அவரைப் பற்றி இங்கிருந்து தொடங்கத்தான் எனக்குத் துணிவு வருகிறது.

நீங்கள் அறிவீர்கள், அவர் கோள் வணக்கத்துக்குப் பேர்போன ஹர்ரான் ஊர்க்காரர். தந்தை கோள்களை வணங்கியவர். அண்ணன் இளவயதிலேயே இஸ்லாத்துக்கு வந்தவர். ஒரு வேளைத் தொழுகையையும் விட்டதில்லை. ஆனாலும் கடைத்தெருவில் அவர் காதுபடவே "ஹர்ரான் ரத்தம்" என்பார்கள். அவர் சிரித்துக்கொள்வார்.

அசைவு நூல் ஒரு பழைய கிரேக்க ஞானியுடையது. வீசிய கல் கையை விட்ட பிறகும் ஏன் ஓடுகிறது என்று கேட்டு, கை கொடுத்த உந்துதல் கல்லுக்குள் தங்கியிருக்கிறது என்று அவர் முடிவு சொல்கிறார். சிரியாக்கு மொழியில் ஒரே ஒரு பிரதி மிஞ்சியிருந்தது. மடத்திலிருந்து இரவல் வாங்கி வந்தோம். பார்வை மங்கிய அண்ணனுக்கு நான் வாசிப்பேன். அவர் அரபியில் சொல்லச் சொல்ல எழுதுவேன். வேலை முடிந்ததும் மடத்தார் தங்கள் நூலை எடுத்துப் போய்விட்டார்கள்.

நூலை அமைச்சரின் சபையில் கொடுக்க வேண்டும். அதற்கான முகப்புரையை அண்ணன் சொல்ல, எழுதினேன். அதில் என் பெயர் இல்லை. மறந்திருப்பார். கேட்டிருந்தால் அப்போதே சேர்த்திருப்பார். நான் கேட்கவில்லை. எதிர்க்கடைக் காகித வியாபாரி அபூ லைஸ், "என்ன ஹம்தூன், நூல் அவரோடது, குளிர்ல உக்காந்து எழுதி வாங்கின இருமல் மட்டும் உன்னோடதா?" என்றான். கடையே சிரித்தது. நானும் சிரித்தேன்.

அந்த ஞானிக்கு ஒரு வழக்கம் உண்டு. எதிராளியின் வாதத்தை, எதிராளியே பேசுவதுபோல் முழுதாகச் சொல்லிவிட்டுத்தான் மறுப்பார். கடைசி இயலில், 'வானங்கள் தம் விருப்பத்தால் சுழல்கின்றன. அவற்றுக்கு மேல் ஏவுகிறவன் எவனும் இல்லை' என்ற வாதம் ஒரு தாள் முழுக்க வரும். அடுத்த தாளில் அது பிழை என்று காட்டி, ஏகனான இறைவனிடம் வந்து முடிப்பார். தாள்களைத் தைத்து நூலாகக் கட்டுமுன் அந்த மறுப்புத் தாளை நான் உருவிக்கொண்டேன்.

சபையில் யாராவது கேள்வி கேட்பார்கள், அண்ணன் திணறுவார், என்னைத் தேடி வருவார், தாளைச் சேர்த்துக் கொடுப்பேன். நினைத்தது அவ்வளவுதான்.

எங்கள் தொழிலில், எழுதி முடித்த நகலை உரக்க வாசிக்க, நூலுக்குரியவர் கேட்டு, சரி என்று தன் கையால் கடைசியில் ஒப்பமிட வேண்டும். நகலைக் கையில் பிடித்து வாசித்தேன். கடைசி இயலில் இல்லாத தாளை மனப்பாடமாகச் சொன்னேன். ஒரு சொல் பிசகவில்லை. அண்ணனின் கண் கலங்கியது.

"அழகா வாசிச்சடா. எங்க வைக்கணும் கையெழுத்தை?"

அவர் விரலைப் பிடித்து இடத்தைக் காட்டினேன்.

சபையில் கடைசித் தாளைப் படித்தவர்கள், இறைவனை மறுக்கிறான் என்று அவரை உங்களிடம் கொண்டுவந்தார்கள். பிறகு நடந்தது உங்கள் முன்னால் நடந்தது. கையெழுத்து உம்முடையதா என்று கேட்டீர்கள். ஆம் என்றார். மறுப்பு அடுத்த தாளில் இருக்கிறது, என் காதால் கேட்டேன் என்றார். தாளில்லை. மூலம் தொலைவில் மடத்தில் இருக்க, மூலத்திலாவது உண்டா என்று அதை வாசித்த என்னைக் கேட்டீர்கள். தாள் அப்போது என் அங்கிக்குள் இருந்தது. எடுத்துக் கொடுத்தால் கசையடிக்கு என்னைத்தான் கட்டுவார்கள் என்று தோன்றியது. இல்லை என்றேன். அண்ணன் என் குரல் வந்த திசைக்கு முகத்தைத் திருப்பினார். பின்பு தலையைக் குனிந்துகொண்டார்.

கசையடிக்குப் பின் சிறையில் போய்ப் பார்த்தேன். முதுகைச் சுவரில் சாய்க்க முடியாமல் ஒருக்களித்துக் கிடந்தார்.

"ஹம்தூனா? சாப்பிட்டியா?"

"ஆச்சு அண்ணே."

"எனக்கு மூளை கலங்கிப்போச்சு போல. அந்தப் பதிலை நானே மனசுல கட்டிக்கிட்டேனா? நீ வாசிச்சியே, எனக்குக் கேட்டுச்சே."

நான் தண்ணீர்க் குவளையை அவர் கைக்கருகே நகர்த்தினேன்.

"சொல்லுடா. நீ சொன்னா நம்புறேன்."

"நான் வாசிக்கல அண்ணே."

"அப்ப தப்பு என்னோடதுதான். உன்னை யாரும் தொந்தரவு பண்ணலியே?" என்றார். தனக்கு வைத்திருந்த ரொட்டியில் பாதியைத் தடவி எடுத்து நீட்டினார். வாங்கிச் சாப்பிட்டேன். வேண்டாமென்றால் அவர் மனம் நோகும் அல்லவா.

வெள்ளிக்கிழமை அவர் இறந்துபோனார். தன் புத்தியையே நம்பாமல் இறந்தார். ஜனாஸாத் தொழுகைக்கு நாலு பேர்கூட வரவில்லை. கோளை வணங்கியவனுக்கு என்ன தொழுகை என்று அபூ லைஸ் கடையிலேயே இருந்துவிட்டான். நான் போனேன்.

அவரைக் கொன்றவன் நான். கசை உங்கள் ஆளுடையது, காஜி அவர்களே, கை என்னுடையது. தாள் எங்கே என்று கேட்பீர்கள். இப்போது இல்லை. சிறையில் அவரைப் பார்த்துவிட்டு வந்த அன்று டைகிரிஸ் கரையில் உட்கார்ந்து, ஓடும் நீரில் மை முழுதும் போகும்வரை கழுவினேன். இறைவன் பெயர் எழுதிய தாளை வேறெப்படி அழிப்பது? தயவுசெய்து இதையும் எழுதிக்கொள்ளச் சொல்லுங்கள்: யார் காலிலும் பட்டுவிடக் கூடாதென்று, அதில் ஓர் எழுத்தைக்கூட நான் மண்ணில் சிந்தவிடவில்லை.